நாலு நாற்பது காட்டும் அந்துப்பூச்சி

மார்ச் 3

மதிப்பிற்குரிய பூச்சியியல் பிரிவுத் தலைவர் அவர்களுக்கு,

இத்துடன் மூன்று காலி மாத்திரைக் கூடுகளில் மூன்று அந்துப்பூச்சிகளை அனுப்பியிருக்கிறேன். சிறகை விரித்தால் ஒவ்வொன்றும் பதினோரு மில்லிமீட்டர். நிறம், ஈரமான சிமெண்டு. முன்சிறகு ஒவ்வொன்றிலும் ஒரு வெள்ளைக் கோடு. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால், விளம்பரங்களில் கடிகார முட்கள் நிற்பதுபோல் பத்துப் பத்து. தலையில் மஞ்சள் குடுமி. பின்சிறகைச் சுற்றி, சிறகைவிட அகலமான மயிர் விளிம்பு.

கடிகாரம் பழுது பார்க்கும் என் கடையின் பாத்ரூம் சுவரில் இவை இருக்கின்றன. காலையில் கடை திறக்கும்போது பார்க்கிறேன். போன வாரம் ஒரு வாடிக்கையாளர் தன் கைக்கடிகாரத்தை உங்கள் அருங்காட்சியகத்தின் நுழைவுச் சீட்டில் சுற்றிக் கொடுத்தார். சீட்டில் நீங்கள் கண்டுபிடித்த அந்துப்பூச்சியின் படம் இருந்தது. 'உலகிலேயே ஒன்றே ஒன்று' என்றும் அச்சிட்டிருந்தது. அப்படியானால் என் பாத்ரூமில் இருப்பவர்கள் யார் என்று அறிய விரும்புகிறேன்.

பொதுமக்களின் கடிதங்களுக்குப் பதினைந்து நாளில் பதில் தரப்படும் என்றும் அதே சீட்டில் இருக்கிறது.

இப்படிக்கு,
பொதுமக்களில் ஒருவர்
(தங்கள் தங்கை)


மார்ச் 12

பொதுமக்களில் ஒருவருக்கு,

தங்கள் கடிதமும் மூன்று மாதிரிகளும் கிடைக்கப்பெற்றோம். ஒன்றுக்கு இடது முன்கால் இல்லை. அது பயணத்தில் உடைந்ததா, அதற்கு முன்பே உடைந்ததா என்பதைத் தாங்கள் குறிப்பிடவில்லை.

பொதுமக்கள் அரியவை என்று அனுப்புபவற்றில் நூற்றுக்குத் தொண்ணூறு சாதாரணமானவை. மீதிப் பத்தில் ஐந்து பூச்சியே அல்ல. சென்ற மாதம் ஒரு தலைமையாசிரியர் அனுப்பிய அபூர்வ வண்டு, சட்டைப் பொத்தான். சிறகின் சாயலை மட்டும் வைத்து ஓர் இனத்தை முடிவு செய்வது, மூக்கை மட்டும் பார்த்து உறவு கொண்டாடுவதைப் போன்றது. மாதிரிகள் முறைப்படி ஆராயப்படும்.

பிரிவுத் தலைவர்

(பென்சிலில்) எந்தத் திசைச் சுவர்? ஜன்னல் உண்டா? ஒரே நேரத்தில் எத்தனை? இன்னும் இருக்கின்றனவா? சுவரைக் கழுவ விடாதே.


மார்ச் 18

அண்ணா,

பென்சிலில் எழுதியதற்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

வடக்குச் சுவர். ஒரு புத்தகம் அளவுக்கு ஜன்னல். ஜன்னலுக்குக் கீழே குழாய் ஒழுகி, சுவரில் பச்சைப்பாசி படர்ந்திருக்கிறது. இன்று காலை ஏழு பேர் இருந்தார்கள். ஏழு பேரும் தலைகீழாக. உங்களுடைய பூச்சி பெட்டியில் பத்துப் பத்து காட்டுகிறது. உயிரோடு இருப்பவை நாலு நாற்பது காட்டுகின்றன. நீங்கள் அதை உயிரோடு பார்த்ததே இல்லை அல்லவா?

பாத்ரூம் எனக்கும் பக்கத்துக் கடை மூக்குக்கண்ணாடிக்காரருக்கும் பொது. வெள்ளிக்கிழமை கழுவுவது அவர் முறை. தடுத்துவிட்டேன்.

"ஏம்மா, பாத்ரூமக் கழுவக் கூடாதுன்னா என்ன அர்த்தம்?"

"ஆராய்ச்சி நடக்குது சார்."

"என்னத்த ஆராய்ச்சி? நாத்தம் எவ்வளவு தூரம் போகும்னா?"

கால் பயணத்தில்தான் உடைந்தது. பதிவேட்டில் ஏற்றுவதானால் தபால்காரர் பெயரில் ஏற்றுங்கள். அந்த நீலப் பதிவேடு இன்னும் ஆணியில் தொங்குகிறதா? நாள், பொருள், உடைந்த பாகம், உடைத்தவர், ஒட்ட முடியுமா என்று ஐந்து கட்டங்கள். உங்களிடம் பூச்சிகளை ஊசியில் பொருத்தும் வேலை பார்த்த நான்கு வருடத்தில் அறுபத்து மூன்று பதிவு. அறுபத்து மூன்றிலும் உடைத்தவர் நான். இயக்குநர் முன்னால் அதை நீங்கள் சத்தமாக வாசித்த அன்று இருபதாவது பதிவில் உங்களுக்கு இருமல் வந்தது. தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தவளும் நான். குடித்துவிட்டு இருபத்தொன்றிலிருந்து தொடர்ந்தீர்கள். பதினைந்து வருடம் ஆகிறது. கல்யாண வீடுகளில் எதிரெதிர் வரிசையில் உட்கார்ந்தே காலம் போய்விட்டது.

இன்னொன்று. அந்த ஒற்றைப் பூச்சியை மலைக்குப் போனபோது பிடித்தவள் நான். மாத்திரைக் குப்பியைக் கவிழ்த்து, ஓய்வு விடுதியின் பாத்ரூம் சுவரில் பிடித்தேன். நீங்கள் சீட்டில் 'மலைச்சரிவு' என்று எழுதினீர்கள். பொய் இல்லை. பாத்ரூம் சரிவில்தான் இருந்தது.

தங்கை


மார்ச் 29

தங்கைக்கு,

உன் மூன்று பூச்சிகளையும் என் ஒன்றின் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். சிறகில் ஒரு செதில் வித்தியாசம் இல்லை. அரைமணி நேரம் நாற்காலியில் உட்கார முடியவில்லை. பதினாறு வருடத்தில் இரண்டாவது மாதிரி தேடி ஏழு முறை அந்த மலைக்குப் போனேன். வலை, விளக்கு, வெள்ளைத் துணி எல்லாவற்றையும் தூக்கிக்கொண்டு காட்டுக்குள் அலைந்தேன். ஏழு முறையும் அதே விடுதியில் தங்கினேன். அதே பாத்ரூமில் குளித்தேன். சுவரைப் பார்க்கவில்லை.

அதன்பின் வயிற்றை ஆராய்ந்தேன். சிறுபூச்சிகளில் சிறகு ஏமாற்றும், வயிறு ஏமாற்றாது. வயிற்றைக் கழற்றிக் காரக் கரைசலில் வேகவைத்தால் சதை கரைந்து, நுனியில் உள்ள இனப்பெருக்க உறுப்பு மட்டும் கெட்டியாக நிற்கும். பூட்டுக்குச் சாவி போல ஒவ்வோர் இனத்துக்கும் ஒவ்வொரு வடிவம். உன் பூச்சியின் வடிவம் சர்வ சாதாரணம். என் பூச்சியின் வடிவமோ அறிந்த எந்தப் பேரினத்திலும் இல்லை. பேரினம் என்பது நெருங்கிய இனங்கள் பல சேர்ந்து குடியிருக்கும் வீடு. என் பூச்சிக்காக நான் கட்டியது ஒற்றை ஆள் குடியிருக்கும் வீடு. உன்னுடையதற்கு வயிறும் சிறியது. முக்கியமாக, வயிற்றின் அடியில் இளஞ்சிவப்புப் பட்டை இல்லை.

ஆகவே உன்னுடையது வேறோர் இனம். என்னுடையதைப் பார்த்து வேஷம் போட்டிருக்கிறது. 'போலி' என்று பொருள்படும் பெயரை வைக்க எண்ணுகிறேன். பூச்சி வருத்தப்படாது.

ஜூன் 20 அன்று சிறுபூச்சிக் கூடம் திறப்பு. முப்பதாம் தேதி எனக்கு ஓய்வு. வாசலில் என் பூச்சியின் உருவம் இரண்டு மீட்டர் நீளத்தில் தொங்கப்போகிறது. வண்ணம் அடிப்பவர் பட்டைக்கு மட்டும் மூன்று நாள் எடுத்துக்கொண்டார். உன் அண்ணி பார்த்துவிட்டு, "இடுப்புல நாடா கட்டின மாதிரி இருக்கு" என்றாள். அவளுக்கு அறிவியல் பழக்கமில்லை. முப்பத்திரண்டு வருட வேலையில் என் பெயரில் எஞ்சி நிற்கப்போவது அந்த ஒரு பேரினம்தான்.

அண்ணன்


ஏப்ரல் 4

அண்ணா,

நான்கு வருடம் உங்களுக்காக வயிறு வேகவைத்தவளுக்கே வயிறு வேகவைக்கும் முறையை விளக்கியதற்கு நன்றி.

கொஞ்சம் கேட்க வேண்டியிருக்கிறது. அந்த இளஞ்சிவப்பு எப்படிப்பட்டது? மங்கலா, பளபளப்பா? உங்கள் கட்டுரையில் அதைப் பற்றி என்ன எழுதினீர்கள் என்று அப்படியே எடுத்து எழுதி அனுப்ப முடியுமா? அந்தப் பூச்சி முதலில் எந்தப் பெட்டியில் இருந்தது? அதன் பக்கத்தில் என்ன இருந்தது, அது இன்னும் இருக்கிறதா?

காரணம் கேட்காதீர்கள். கேட்டால் எழுதுவதற்குத் தைரியம் போய்விடும்.

தங்கை


ஏப்ரல் 11

தங்கைக்கு,

விசாரணை அதிகாரி போல் கேட்கிறாய். இருந்தாலும் கட்டுரையிலிருந்து:

'வயிற்றின் அடிப்பகுதியில் முத்துப்போல் மின்னும் இளஞ்சிவப்புப் பட்டை. இப்பேரினத்திற்கே உரிய சிறப்புப் பண்பு. வயிறு உடலுக்குச் சற்றே பெரியது. குளிர்ந்த மலைப்பகுதியில் உணவைச் சேமிப்பதற்கான தகவமைப்பு ஆகலாம்.'

இரண்டு பாடநூல்கள் இதை எடுத்தாண்டிருக்கின்றன. ஒன்றில் 'ஆகலாம்' போய்விட்டது.

பெட்டி 41. பக்கத்தில் இருந்தது, இப்போதும் இருப்பது, ஒரு மாவு அந்துப்பூச்சி. நம் அருங்காட்சியக உணவகத்து மாவு டின்னில் பிடித்து, பழகுவதற்காக நீ பொருத்தியது. அதை யாரும் நுண்ணோக்கியில் வைத்ததில்லை. என் பூச்சியின் வயிற்றை மூன்று நாட்டு அருங்காட்சியகங்களின் காட்டுப்பூச்சிகளோடு ஒப்பிட்டேன். மாவுப்பூச்சியோடு யாரும் ஒப்பிடமாட்டார்கள். அது ஆராய்ச்சிப் பொருள் அல்ல, சமையலறைப் பிரச்சினை.

பதிவேடு ஆணியில்தான் தொங்குகிறது. நீ போன பிறகு அதில் யாரும் எழுதவில்லை. யாரும் எதையும் உடைக்கவில்லை என்று நினைத்திருந்தேன். உனக்குப் பின் அந்த வேலைக்கு யாரையும் எடுக்கவில்லை என்பது போன வாரம்தான் நினைவுக்கு வந்தது.

ஏன் கேட்டாய்?

அண்ணன்


ஏப்ரல் 17

அண்ணா,

உட்கார்ந்துகொண்டு படியுங்கள்.

அந்தப் பட்டை என் நகப்பூச்சு.

மலையிலிருந்து வந்த மறுவாரம். பெட்டி 41 இழுக்கும்போது சிக்கியது. வெடுக்கென்று இழுத்தேன். இரண்டு பூச்சிகளுக்கும் வயிறு கழன்று தக்கைமேல் விழுந்தது. அன்று காலையிலேயே என் பெயரில் இரண்டு பதிவு ஏறியிருந்தது. ஒரு உணர்கொம்பு, ஒரு பின்கால். பசை உங்கள் அலமாரியில், சாவி உங்கள் பையில். கேட்டால் மூன்றாவதும் நான்காவதும் ஏறும். என் கைப்பையில் நகப்பூச்சு இருந்தது. ஊசி முனையில் தொட்டு ஒட்டிவிட்டேன். எதன் வயிறு எது என்று எனக்குச் சந்தேகமே வரவில்லை. பெரியதை உங்கள் பூச்சிக்கு ஒட்டினேன். மலைப்பூச்சிக்கு மரியாதை என்று நினைத்தேனோ என்னவோ.

மறுநாள் நீங்கள் அதைக் கழற்றி வேகவைத்தபோது பயந்து கதவோரமே நின்றேன். ஒட்டியது தெரிந்துவிடுமே என்றுதான். நீங்கள் நுண்ணோக்கியிலிருந்து தலையை நிமிர்த்தி, "இங்க வா, பாரு, இது மாதிரி எங்கயுமே கிடையாது!" என்றீர்கள். அப்படி நீங்கள் சிரித்து நான் பார்த்ததில்லை. ஒட்டு தெரியவில்லை என்று நிம்மதியாகிவிட்டேன். மாற்றி ஒட்டியிருப்பேன் என்று உங்கள் மார்ச் கடிதம் வரும்வரை நினைக்கவே இல்லை. பட்டை என்று நீங்கள் எழுதியதும் கையிலிருந்த ஸ்பிரிங்கை எங்கோ தவறவிட்டேன். இன்னும் கிடைக்கவில்லை.

நான் சொல்வது சரியா என்று பார்க்க ஒரு வழி இருக்கிறது. மாவுப்பூச்சியின் இடுப்பையும் பாருங்கள். அங்கேயும் இளஞ்சிவப்பு இருக்க வேண்டும். அதன் வயிற்றை வேகவைத்தால் என் பாத்ரூம் பூச்சியின் வயிறு கிடைக்க வேண்டும்.

நானாக யாரிடமும் சொல்லமாட்டேன். பெட்டி உங்களிடம், முடிவும் உங்களுடையது. உடைத்ததற்கு மன்னிப்புக் கேட்கிறேன். மறைத்ததற்கான மன்னிப்பில் பாதியை அந்த நீலப் பதிவேடு கேட்க வேண்டும்.

தங்கை


மே 9

அண்ணா,

பதில் வரவில்லை. இது அதைப் பற்றியது அல்ல.

பாசிக்குள் புழு இருக்கிறது. முதலில் மண் துகள் நகர்கிறது என்று நினைத்தேன். கடிகாரக் கண்ணாடியைக் கண்ணில் மாட்டிப் பார்த்தால், பாசி நூலும் சுவர்த் துகளும் சேர்த்து நெய்த ஒரு குழாய். கைக்கடிகாரத் திருகாணி அளவு. உள்ளே ஒரு புழு. தலையையும் ஆறு காலையும் மட்டும் வெளியே நீட்டி, வீட்டை இழுத்துக்கொண்டு மேய்கிறது. தொட்டால் வீட்டுக்குள் போய்விடுகிறது. வளர்ந்தால் வீட்டின் வாசலில் ஒரு சுற்று கூடுதலாகக் கட்டுகிறது. பின்புறத்தை விட்டுவிடுகிறது. அது ஏன் என்று தெரியவில்லை. நாலைந்தைக் குப்பியில் வைத்து வளர்க்கிறேன்.

மூக்குக்கண்ணாடிக்காரர் தன்னிடமிருந்த எல்லா லென்சையும் போட்டுப் பார்த்தார். "அட, சொந்த வீட்டோட பொறந்திருக்கு. நம்மளவிடக் கெட்டிக்காரன்தான்." இப்போது அவரே பாத்ரூமைக் கழுவ யாரையும் விடுவதில்லை.

பதில் எதிர்பார்க்கவில்லை. ஆனால் பதினைந்து நாள் என்று அச்சடித்தது நீங்கள்.

தங்கை


மே 26

தங்கைக்கு,

உன் கடிதம் வந்த அன்றே பெட்டி 41-ஐத் திறந்தேன். மூடிவிட்டேன். மூன்று வாரம் மூடியே இருந்தது. மாவுப்பூச்சியின் இடுப்பைப் பார்க்காதவரை நீ சொன்னது வெறும் கருத்து என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். நல்ல வாதம். இயக்குநர் அளவுக்கு உள்ளவர்கள் பயன்படுத்தக்கூடியது.

அப்போது உன் புழு வந்தது. என் கட்டுரையில் 'புழுப்பருவம்: அறியப்படவில்லை' என்று ஒரு வரி இருக்கிறது. பதினாறு வருடமாக என்னை உறுத்தும் வரி. நீ அதைக் குப்பியில் வளர்க்கிறாய். பின்புற வாசலை ஏன் கட்டுவதில்லை, அந்த வழியாகக் கழிவைத் தள்ளுகிறதா, இரண்டு பக்கமும் தலை நீட்டுமா என்று கேட்கக் கடிதம் எழுத உட்கார்ந்தேன். எந்தப் பூச்சியின் புழு என்று எழுத வேண்டிய இடத்தில் பேனா நின்றுவிட்டது. எழுந்து போய்ப் பெட்டியைத் திறந்தேன்.

மாவுப்பூச்சியின் இடுப்பில் இளஞ்சிவப்பு இருந்தது. வேகவைத்தேன். உன் பாத்ரூம் பூச்சியின் வயிறு. பிறகு உன் அண்ணியிடம் சமையலறையில் மாவுப்பூச்சி கிடைக்குமா என்று கேட்டேன். "உலகமெல்லாம் தேடிட்டு கடைசில என் டப்பாவுக்கு வந்தீங்களா?" என்று ஐந்து பிடித்துக் கொடுத்தாள். ஐந்தின் வயிறும், உலகில் எங்கும் இல்லாத என் பேரினத்தின் வயிறும் ஒன்று. மலைக்குளிருக்காக உணவைச் சேமிக்கும் வயிறு என்று நான் எழுதியது, நம் உணவகத்து மாவைத் தின்ற வயிறு. விஷயத்தைச் சொன்னபோது அவள் ஆச்சரியப்படவில்லை. "நான்தான் அன்னிக்கே நாடான்னு சொன்னேனே" என்றாள். அவளுக்கு அறிவியல் பழக்கமில்லை என்று எழுதியதைத் திரும்பப் பெறுகிறேன்.

நான் வைத்த இனப்பெயர் சிறகுக்கு உரியதாக நிற்கும். உன் பூச்சிகளும் அதே இனம்தான், போலி அல்ல. பேரினம் கலைகிறது. இருநூற்றுப் பன்னிரண்டு இனங்கள் ஏற்கெனவே குடியிருக்கும் பழைய வீட்டில் பூச்சி போய்ச் சேருகிறது. பழகிக்கொள்ளும்.

இயக்குநரிடம் சொன்னேன். "ரிட்டயர் ஆகிற நேரத்துல இதெல்லாம் எதுக்கு சார்? பூச்சி வந்து கேஸ் போடப்போகுதா?" என்றார். போடாது என்று ஒப்புக்கொண்டேன். ஆனாலும் பாடநூல்காரர்களுக்கு எழுதிவிட்டேன். 'ஆகலாம்' போட்டவர் பதில் எழுதினார். போடாதவர் எழுதவில்லை.

திறப்பு விழா நடக்கும். வண்ணம் அடிப்பவர், "பட்டைய அழிச்சுட்டு என்ன கலர் சார் அடிக்கணும்?" என்று என் முகத்தைப் பார்க்காமல் கேட்டார். ஈரமான சிமெண்டு என்றேன். வயிற்றை அரம் போட்டுக் குறைத்தாகிவிட்டது. உருவத்தைத் தலைகீழாகத் தொங்கவிடச் சொல்லியிருக்கிறேன். வாசலில் நாலு நாற்பது காட்டும். இயக்குநர் அது தவறாக மாட்டப்பட்டது என்று தினமும் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

திருத்தக் கட்டுரை ஒன்றரைப் பக்கம். ஆசிரியர்கள் இரண்டு பேர். உன் பெயரை முதலில் போட்டிருக்கிறேன். வேண்டாம் என்றால் இரண்டு நாளில் எழுது. மூன்றாம் நாள் அச்சுக்குப் போகிறது.

பதிவேட்டை ஆணியிலிருந்து எடுத்தேன். அறுபத்து நான்காவது பதிவு: 'பொருள்: பேரினம் ஒன்று. உடைந்த பாகம்: வயிறு. உடைத்தவர்: பிரிவுத் தலைவர்.' 'ஒட்ட முடியுமா' என்ற கடைசிக் கட்டத்தில் என்ன எழுதுவதென்று தெரியவில்லை. காலியாக விட்டிருக்கிறேன்.

ஜூலை முதல் தேதியிலிருந்து நானும் பொதுமக்களில் ஒருவன். புழுவைப் பார்க்க வரலாமா?

அண்ணன்


ஜூன் 2

பொதுமக்களில் ஒருவருக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. பெயரைப் பற்றி மறுப்பு இல்லை. இரண்டு நாள் யோசிக்க வேண்டும் என்று வைத்திருந்தேன், ஒரு நாளிலேயே முடிந்துவிட்டது.

வருவதானால் காலையில் வாருங்கள். பாத்ரூம் சாவி மூக்குக்கண்ணாடிக்காரரிடம் இருக்கும். எந்தத் துறை, எத்தனை வருட அனுபவம் என்றெல்லாம் கேட்பார். கேட்ட பிறகுதான் தருவார். ஓய்வு பெற்றவர் என்றால் கொஞ்சம் இறங்கி வருவார். தரை வழுக்கும், முட்டிக்கால் போட ஏதாவது துணி எடுத்து வாருங்கள்.

புழு இரண்டு பக்கமும் தலை நீட்டுகிறது. நீங்கள் கேட்டதற்காக ஒரு பகல் முழுவதும் கடையைப் பாதி மூடிவிட்டுப் பார்த்தேன். என் வீட்டுக்காரர் மதியம் வந்து, கடிகாரக் கடையா பூச்சிக் கடையா என்று கேட்டுவிட்டுப் போனார். அதைவிட விசித்திரம் ஒன்று. நேற்று குப்பிக்குள் ஒரு கூட்டிலிருந்து வெளியே வந்ததற்குச் சிறகே இல்லை. சிமெண்டு நிறத்தில், குடுமியோடு, கால் முளைத்த பொட்டலம் போல உட்கார்ந்திருக்கிறது. இந்த இனத்தில் பெண்ணுக்குச் சிறகு கிடையாதா, அல்லது மூடியைத் திறக்கும்போது நான் ஏதாவது செய்துவிட்டேனா என்று தெரியவில்லை. நீங்கள் வந்து பார்த்துச் சொல்லும்வரை உடைத்தவர் கட்டத்தில் யார் பெயரையும் எழுத வேண்டாம்.

பதிவேட்டையும் எடுத்து வாருங்கள். அறுபத்து நாலில் நீங்கள் காலியாக விட்ட கடைசிக் கட்டத்தை நான் நிரப்புகிறேன். நகப்பூச்சு புதிதாக வாங்கி வைத்திருக்கிறேன். இந்த முறை நிறமில்லாதது.

தங்கை